தப்புக்குச் சுருதி இல்லையா?

சிரம்பானைச் சுற்றியுள்ள லாபு, ரந்தாவ், நீலாய் வட்டாரத் தோட்டக் கோயில் திருவிழாக்களைப் பார்த்தவர்களுக்கு இந்தக் காட்சி புதிதல்ல. சாமி புறப்படும் முன், தப்பை நெருப்பில் காட்டுவார்கள். ஈரம் வற்றித் தோல் இறுகும். பிறகு குச்சி பட்டதும் எழும் ஓசை லயத்து வீடுகளின் கடைசி வாசல் வரை கேட்கும். அதே கூட்டத்தில், "இதெல்லாம் வெறும் சத்தம். மிருதங்கம்தான் சங்கீதம். தப்புக்கு ஏது சுருதி?" என்று சொல்கிறவர்களும் உண்டு.

அந்தக் கேள்வியை இயற்பியலிடம் கேட்டால் என்ன பதில் வரும்? காலத்தையும் சுருதியையும் பிணைக்கும் ஒரு விந்தையான முரண்தான் பதிலாக வருகிறது.

பால் சொட்டும் கணக்கு

இரண்டு ரப்பர் மரங்களிலிருந்து மங்கில் பால் சொட்டுகிறது என்று வைத்துக்கொள்வோம். ஒன்றில் நிமிடத்துக்கு 20 சொட்டு. மற்றதில் 21. பத்து விநாடி மட்டும் நின்று பார்த்தால் இரண்டிலும் மூன்று, நான்கு சொட்டுதான் விழும். எது வேகமானது என்று உங்களால் சொல்ல முடியாது. ஒரு நிமிடம் பொறுத்து எண்ணினால்தான் அந்த ஒரு சொட்டு வித்தியாசம் தெரியும்.

சுருதியும் இப்படித்தான். ஒரு விநாடியில் காற்று எத்தனை முறை அதிர்கிறது என்பதே சுருதி. ஷட்ஜத்தை 240 அதிர்வு என்று வைத்தால், அதற்கு அடுத்த சுத்த ரிஷபம் 256 அதிர்வு. இந்த இரண்டையும் எண்ணிப் பிரிக்க எவ்வளவு நேரம் வேண்டும்? விநாடியில் 16-இல் ஒரு பங்கு. அந்த நேரத்தில் ஷட்ஜம் 15 முறையும் ரிஷபம் 16 முறையும் அதிரும். வித்தியாசம் சரியாக ஒன்று. விநாடியில் நூறில் ஒரு பங்கு மட்டுமே ஒலித்தால் இரண்டும் சுமார் இரண்டரை அதிர்விலேயே முடிந்துவிடும். காதுக்கு ஏறக்குறைய 'டக்' என்றுதான் கேட்கும்.

இங்கேதான் முரண் பிறக்கிறது. "இந்தக் கணத்தில், இந்தச் சுரம்" என்று பாட்டு வாத்தியார் எழுதித் தருகிறார். ஆனால் கணத்தை மிகத் துல்லியமாகக் குறித்தால் சுரம் மங்கிவிடுகிறது. சுரத்தைத் துல்லியமாக்க வேண்டுமானால் ஓசை நீள வேண்டும். நீண்டால் "எந்தக் கணம்" என்பது மங்கிவிடுகிறது. இரண்டையும் ஒருசேர முழுத் துல்லியமாகப் பெற முடியாது.

ஹங்கேரியில் பிறந்து பிரிட்டனில் பணியாற்றிய டென்னிஸ் கபோர், 1946-இல் இந்த எல்லையைக் கணிதமாக எழுதிக் காட்டினார். முப்பரிமாணப் படமான ஹாலோகிராமைக் கண்டுபிடித்ததற்காக 1971-இல் நோபல் பரிசு பெற்றவரும் இவர்தான். எலக்ட்ரானின் இடத்தையும் உந்தத்தையும் ஒருசேரத் துல்லியமாக அறிய முடியாது என்று 1927-இல் ஹைசன்பர்க் சொன்னதற்கும் இதற்கும் அடிப்படைக் கணிதம் ஒன்றே.

இரு தோல்கள், இரு வழிகள்

வட்டமாக இழுத்துக் கட்டிய சாதாரணத் தோலைத் தட்டினால் பல அதிர்வுகள் ஒன்றாக எழும். அடிப்படை அதிர்வை 1 என்று வைத்தால் மற்றவை 1.59, 2.14, 2.30 என்று ஒழுங்கின்றி அமையும். அதனால் ஒரு சுரம் தனித்து நிலைக்காது. மிருதங்கம் மட்டும் எப்படிச் சுருதி சேர்கிறது? வலந்தலையின் நடுவில் பூசிய கருஞ்சாந்து அந்த அதிர்வுகளை 1, 2, 3 என்ற முழு எண் வரிசைக்கு இழுத்து வருகிறது. திருச்சி தந்த சி.வி. ராமன், சிவகாளி குமாருடன் சேர்ந்து 1920-இல் 'நேச்சர்' இதழில் இதை விளக்கினார். ஓசை நீடித்து ஒலிக்க, சுரம் தெளிகிறது.

தப்பில் சாந்து இல்லை. ஒரு கையில் குட்டைக் குச்சி, மறு கையில் நீண்ட மெல்லிய குச்சி. ஒவ்வோர் அடியும் பிறந்த உடனே அடங்குகிறது. சுரம் மங்குகிறது, அதற்கு ஈடாக, அடி எப்போது விழுந்தது என்பது கத்தி முனைபோல் தெளிவாகிறது. துக்க வீட்டுக்கு ஓர் அடி, சாமி அழைக்க ஓர் அடி என்று தப்பு பேசும் மொழி, அடிகளுக்கு இடையே உள்ள கால இடைவெளியில்தான் இருக்கிறது. இலங்கை மலையகத் தோட்டங்களில் விடியற்காலையில் பெரட்டுக்கு ஆள் கூட்டியதும் இதே தப்புதான். உறுமியோ வளைந்த குச்சியால் தோலை உரசி ஓசையை நீட்டுகிறது. அதனால்தான் அதன் குரல் மேலும் கீழும் வழுக்கிப் போவதை நாம் உணர்கிறோம். காலத்தைத் தப்பும் குரலை உறுமியும் பங்கு போட்டுக்கொள்கின்றன.

எல்லை தாண்டும் காது

கதை இதோடு முடியவில்லை. அமெரிக்காவின் ராக்ஃபெல்லர் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஓப்பன்ஹைம், மாக்னாஸ்கோ இருவரும் 2013-இல் 12 பேரின் காதுகளைச் சோதித்தார்கள். ஒலியின் நேரத்தையும் சுருதியையும் ஒருசேரக் கணிக்கச் சொன்னார்கள். பலர் கபோர் எல்லையைத் தாண்டினார்கள். சிலர் பத்து மடங்குக்கும் மேல்.

அப்படியானால் விதி பொய்யா? பொய்யில்லை. ஒலியை நேரியல் முறையில் பகுத்துப் பார்க்கும் கருவிகளுக்கு அந்த எல்லை பொருந்தும். உட்காதில் உள்ள மயிர்ச் செல்கள் வெறுமனே எண்ணிக்கொண்டிருப்பதில்லை. மெல்லிய ஒலியைத் தாமே பெருக்கி, கூர்மையாக்குகின்றன. அந்தச் சோதனையில் கேட்டவர்களுக்குப் பெரும்பாலும் கைகொடுத்தது சுருதி ஞானம் அல்ல, காலத்தைப் பிரித்தறியும் கூர்மை. தப்படிப்பவர் தலைமுறை தலைமுறையாக நம்பியிருப்பதும் அந்தக் கூர்மையைத்தான்.

இந்த மயிர்ச் செல்கள் ஒருமுறை அழிந்தால் மனிதருக்கு மீண்டும் முளைப்பதில்லை. ஆகவே மேளத்துக்கு மிக அருகே நிற்கும் பிள்ளைகளைச் சற்றுத் தள்ளி நிறுத்துங்கள்.

நீங்களே செய்து பாருங்கள்

கைப்பேசியில் சுருதி காட்டும் செயலி ஒன்றைத் திறந்து, "ஆ" என்று இரண்டு விநாடி பாடுங்கள். முள் ஒரு சுரத்தில் நிற்கும். இப்போது ஒரே ஒரு கைத்தட்டு. முள் தடுமாறும், அல்லது அசையாமலே இருக்கும். ஆனால் கண்ணை மூடிக்கொண்டிருக்கும் உங்கள் நண்பரால் அந்தத் தட்டு எந்தக் கணத்தில், எந்தப் பக்கத்திலிருந்து வந்தது என்று உடனே சொல்ல முடியும். அடுத்த திருவிழாவில் "தப்புக்கு ஏது சுருதி?" என்று யாராவது கேட்டால், இந்தச் சோதனையை அவருக்கும் செய்து காட்டுங்கள்.