ஐந்து ஸ்டார் சரி, எந்த ஆண்டின் ஸ்டார்?

சித்திரை வெயில் ஏறியதும் பெரம்பலூர், அரியலூர் கடைகளில் ஏசி வாங்கக் கூட்டம் கூடிவிடும். ‘எத்தனை ஸ்டார்?’ என்று கேட்டதோடு நிறுத்திக்கொள்கிறோமே, அதுதான் என் கவலை.

ஏசி குளிரை உண்டாக்குவதில்லை. கிணற்று மோட்டார் தண்ணீரை இறைப்பதுபோல அறையின் வெப்பத்தை இறைத்து வெளியே கொட்டுகிறது. ஒரு பங்கு மின்சாரத்துக்கு எத்தனை பங்கு வெப்பத்தை இறைக்கிறது என்பதை ஏசியில் ஒட்டியிருக்கும் ஸ்டார் லேபிளில் உள்ள ‘ஐஎஸ்இஇஆர்’ எண் சொல்லும். 24 முதல் 43 டிகிரி வரையிலான நம் நாட்டு வெயிலுக்கென்று கணக்கிட்ட எண் அது, கூடக்கூட நல்லது.

பக்கத்திலேயே ஆண்டுக்கு இத்தனை யூனிட் என்றும் இருக்கும். அது 1,600 மணி நேர ஓட்டத்துக்கான கணக்கு. ஒன்றரை டன் ஏசி ஒன்றில் 1,000 யூனிட், இன்னொன்றில் 800 என்று போட்டிருப்பதாக வைத்துக்கொள்வோம். இரவு 8 மணி நேரம் வீதம் 60 நாள் ஓட்டினால் ஒன்றுக்கு 300 யூனிட், மற்றதற்கு 240. வீட்டின் மற்றச் செலவு 220 யூனிட் என்றால் ரீடிங் 520 அல்லது 460. இரண்டு மாதத்தில் 500ஐத் தாண்டிவிட்டால், 101 முதல் 200 வரையிலான யூனிட்டுக்குக் கிடைத்த சலுகையும் போய்விடும். கடையில் மிச்சம் பிடித்த பணத்தை மின்வாரியத்துக்குக் கட்டுவோம்.

லேபிளில் அந்த ஸ்டார் எந்தக் காலத்துக்கு உரியது என்று தேதி இருக்கும். அதை விட்டுவிடாதீர்கள். ஸ்டார் அளவுகோலை மத்திய அரசின் எரிசக்தி சிக்கனப் பணியகமான பிஇஇ அவ்வப்போது கடுமையாக்குகிறது. 4.6 ஐஎஸ்இஇஆர் எண்ணுள்ள ஸ்ப்ளிட் ஏசிக்கு 2022 ஜூன் வரை ஐந்து ஸ்டார். ஜூலை முதல் நான்குதான். 2026 ஜனவரியில் அளவுகோல் மறுபடி உயர்ந்தது. பழைய சரக்கைப் ‘ஃபைவ் ஸ்டார்’ என்று தள்ளிவிட இடமிருக்கிறது.

கடையிலேயே லேபிளைப் போனில் படம் எடுங்கள். மாடல் எண்ணைப் பிஇஇயின் ‘ஸ்டார் லேபிள்’ செயலியில் போட்டுப் பாருங்கள். மாடல், ஸ்டார், லேபிள் காலம் மூன்றையும் ஜிஎஸ்டி பில்லில் எழுதித் தரச் சொல்லுங்கள். துண்டுச் சீட்டு பில் ஆகாது.

சொன்னது ஒன்று, வந்தது ஒன்று என்றால் முதலில் 1915க்குப் போன் செய்யுங்கள். தீரவில்லை என்றால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் இரண்டு ஆண்டுக்குள் புகார் தரலாம். 5 லட்ச ரூபாய் வரை கட்டணம் கிடையாது, வக்கீல் கட்டாயமில்லை. ஏசியைத் திருச்சியில் வாங்கியிருந்தாலும், 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி, பெரம்பலூர்க்காரர் பெரம்பலூரிலும் அரியலூர்க்காரர் அரியலூரிலுமே வழக்குப் போடலாம்.