விடிந்த பிறகும் ஓடும் கேமரா

பௌர்ணமி இரவில் அடி அண்ணாமலையில் நின்றால் காது அடைத்துப்போகும். 14 கிலோமீட்டர் கிரிவலப் பாதையில் ஒலிபெருக்கிகள் ஓய்வதில்லை. ஆதி அருணாசலேசுவரர் கோயில் வாசலில் பக்கத்தில் இருப்பவரிடம் பேசவே கத்த வேண்டும். பாதையை விட்டு விலகித் திருவண்ணாமலை மாவட்டத்துக்குள் போனால், வெயில் காலத்தில் எங்காவது ஒரு திரௌபதி அம்மன் கோயில் திடலில் பாரதக் கூத்து நடந்துகொண்டிருக்கும். கேமராவைத் தூக்கிக்கொண்டு நான் போவது அங்கேதான்.

ஃபிலிம் காலத்தில் கூத்தைப் படம்பிடிப்பது லேசான காரியமில்லை. 16 எம்எம் கேமராவில் 400 அடிச் சுருள் 11 நிமிடம்தான் ஓடும். இரவு பத்து மணிக்குத் தொடங்கி விடிய ஆறு வரை நடக்கும் ஆட்டத்துக்கு நாற்பது சுருளுக்கு மேல் வேண்டும். தனியாகப் படம் எடுப்பவர் கையில் அவ்வளவு பணம் ஏது? பெட்ரோமாக்ஸ் வெளிச்சமும் ஃபிலிமுக்குப் போதாது. எந்த நேரத்தில் கேமராவை ஓட்டுவது என்று பிடிபடவே பல இரவுகள் வெறும் கண்ணால் பார்த்திருக்க வேண்டும்.

செய்யாறு பக்கம் புரிசையில் தம்பிரான் பரம்பரை ஆடிவந்த கூத்தின் பெருமையை 1970களில் எழுத்தாளர் ந. முத்துசாமி எழுதி எழுதித்தான் நகரத்துக்குப் புரியவைத்தார். செஞ்சிப் பக்கத்துத் திரௌபதி அம்மன் திருவிழாவைப் பற்றி ஆய்வாளர் ஆல்ஃப் ஹில்டபைட்டலின் படம் 1988இல் வந்தது. பிறகு சசிகாந்த் அனந்தாசாரி ‘கேளாய் திரௌபதாய்’ ஆவணப்படத்தை எடுத்தார்.

இன்று திடலில் உட்கார்ந்திருப்பவர் கையிலெல்லாம் செல்போன். முழு இரவும் யூடியூபில் நேரலையாகப் போகிறது. பெங்களூரில் கட்டட வேலைக்குப் போன மகன் அங்கிருந்தே அப்பாவின் துரியோதனன் வேஷத்தைப் பார்க்கிறான். இதில் எனக்கு உண்மையிலேயே சந்தோஷம். ஆனால் ஆட்டம் மாறிவிட்டது. திடல் முழுக்கச் சுழன்றவர்கள் தொங்கும் மைக்குக்குக் கீழேயே நின்று பாடுகிறார்கள். எல்இடி விளக்கில் அரிதாரம் வெளிறுகிறது. ஒலிபெருக்கியில் ஆர்மோனியம் ஏறி, முகவீணை என்ற சின்ன நாயனம் அடியில் போய்விடுகிறது.

செல்போன்கள் பார்ப்பது மேடையை மட்டும்தான். திரைக்குப் பின்னால் வேஷம் கட்டும் இடத்தில்தான் எனக்கு வேலை. புஜக்கட்டையைக் கையில் வாங்கிப் பாருங்கள். கல்யாண முருங்கை மரம், அதனால் சுரைக்குடுக்கைபோல லேசு. மேலே சின்னச் சின்னக் கண்ணாடிச் சில்லுகள். அதைத் தோளில் வைத்துக் கயிற்றை இழுத்து முடியும்போது கூத்து வாத்தியார் ஒரு கணம் மூச்சை அடக்குகிறார். எட்டு மணி நேரம் அந்தக் கயிறு தளரக் கூடாது.

விடிந்ததும் செல்போன்கள் பைக்குள் போய்விடும். என் கேமரா ஓடிக்கொண்டிருக்கும். துரியோதனன் தேங்காய் எண்ணெயைக் குழைத்து முகத்துச் சிவப்பை வழித்தெடுக்கிறார். காது மடலில் கொஞ்சம் ஒட்டியிருக்கிறது. முகவீணைக்காரர் சீவாளியைக் கழற்றித் துணியில் சுற்றுகிறார். ரோட்டில் முதல் பஸ்ஸின் ஹாரன் கேட்டதும் இருவரும் மூட்டையைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறார்கள்.