பாகவதர் குற்றவாளியா?

மாதவரத்திலும் திருவொற்றியூரிலும் தேநீர்க் கடைகளில் பழைய சினிமாப் பாட்டுகளைப் பற்றிப் பேச்சு எழுந்தால், எம். கே. தியாகராஜ பாகவதரின் பெயர் வராமற் போவதில்லை. அப்பெயர் வந்த மாத்திரத்தில், "கொலை வழக்கில் ஜெயிலுக்குப் போனவர்தானே?" என்ற கேள்வியும் பின்னாலேயே வந்துவிடுகிறது. கேட்பவர்களில் படித்த வாலிபர்களும் உளர். அவர் விடுதலை பெற்றது 1947-ம் வருஷத்தில். அத்தீர்ப்பு இன்னும் நம் ஜனங்களின் செவிக்கு எட்டவில்லையென்றால், அதனை எட்டச் செய்வது பத்திரிகைகளின் கடமையென்றே நாம் கருதுகிறோம்.

மாயவரத்தில் 1910-ல் பொற்கொல்லர் குடும்பத்தில் பிறந்து திருச்சியில் வளர்ந்த பாகவதரை, எப். ஜி. நடேசய்யர் ஹரிச்சந்திர நாடகத்தில் பாலன் லோகிதாசனாக மேடையேற்றினார். 1934-ல் கே. சுப்பிரமணியம் டைரக்ட் செய்த 'பவளக்கொடி' அவரைத் திரைக்குக் கொணர்ந்தது. 1937-ல் வெளிவந்த 'சிந்தாமணி' ஈட்டிய லாபத்தைக் கொண்டு மதுரையில் அதே பெயரால் ஒரு தியேட்டரே எழுந்தது. 'அம்பிகாபதி', 'திருநீலகண்டர்', 'அசோக்குமார்', 'சிவகவி' ஆகியவை தொடர்ந்தன. பாபநாசம் சிவனின் சாகித்தியமும் ஜி. ராமநாதனின் இசையும் அவர் சாரீரத்தில் ஏறிப் பாமரரும் சங்கீதம் பாடும்படி செய்தன. அவரைப்போல் 'பாகவதர் கிராப்' வளர்த்துத் திரிந்த வாலிபருக்கும் குறைவில்லை.

1944 தீபாவளிக்கு 'ஹரிதாஸ்' வெளியாயிற்று. துறைமுகத்துக்குச் சமீபத்திலிருந்த பிராட்வே தியேட்டரில் அப்படம் மூன்று தீபாவளிகளைக் கண்டது. அதில் இரண்டாவது தீபாவளியன்று அதன் கதாநாயகர் ஆயுள் தண்டனைக் கைதி!

நடந்தது இதுதான். 'சினிமா தூது', 'இந்துநேசன்' என்ற பத்திரிகைகளை நடத்திய லக்ஷ்மீகாந்தன், நடிகர்களின் அந்தரங்கங்களை அச்சிட்டுப் பிழைத்தவர். பத்திரிகைத் தொழிலுக்கு அவர் ஓர் இழுக்கு. எனினும், இழுக்கானவனையும் காப்பதற்கே சட்டம் இருக்கிறது. அவரைக் கத்தியால் தாக்க எவனுக்கும் உரிமையில்லை. 1944 நவம்பர் 8-ந் தேதி வேப்பேரியில் குத்துண்ட அவர், மறுநாள் ஜெனரல் ஆஸ்பத்திரியில் உயிர் நீத்தார். சதி செய்ததாகப் பாகவதரும், ஹாஸ்ய நடிகர் என். எஸ். கிருஷ்ணனும், டைரக்டர் ஸ்ரீராமுலு நாயுடுவும் டிஸம்பரில் கைதாயினர். நாயுடு விடுதலையானார். மற்ற இருவருக்கும் ஜூரர்களில் பெரும்பான்மையோரின் அபிப்பிராயத்தின் பேரில் 1945 மே மாதத்தில் ஆயுள் தண்டனை கிடைத்தது.

இங்கே வக்கீல் என்ற முறையில் நாம் சற்று நின்று பேச வேண்டியிருக்கிறது. ஹைகோர்ட் செஷன்ஸில் ஜூரிகள் சொன்ன முடிவின் மீது, சங்கதிகளைப் பற்றியும் அப்பீல் செய்துகொள்ள இடமளித்த 411-ஏ பிரிவு 1943-ல்தான் கிரிமினல் சட்டத்தில் புகுந்தது. புதிய பிரிவு; நீதிபதிகளுக்கே பழகாத பிரிவு. அப்பீலைக் கேட்ட ஹைகோர்ட், ஜூரிகளின் முடிவில் தாம் தலையிடுவது மிகக் குறுகிய வரம்புக்கு உட்பட்டதென்று கொண்டு தள்ளிவிட்டது. லண்டன் பிரிவி கௌன்ஸிலில் டி. என். பிரிட் ஆஜரானார். அப்பீல் நீதிபதிகள் சாட்சியத்தைத் தாமே சீர்தூக்கிப் பார்க்கக் கடமைப்பட்டவர்கள் என்று அங்கே கண்டு, வழக்கை மறுபடி கேட்கும்படி சென்னைக்கே திருப்பியனுப்பினர். வி. எல். எத்திராஜ் வாதாட, நீதிபதிகள் ஹாப்பெலும் ஷஹாபுத்தீனும் கேட்டனர். சாட்சியம் நம்பத் தக்கதன்று என்று கண்டு, 1947 ஏப்ரலில் இருவரையும் விடுவித்தனர். முதல் அப்பீலில் இருந்த சாட்சியமே இரண்டாவது அப்பீலிலும் இருந்தது என்பதை வாசகர்கள் கவனிக்க வேண்டும். மாறியது, அதைப் படித்துப் பார்ப்பது யார் பொறுப்பு என்ற எண்ணம் ஒன்றே. லண்டன் வரை வக்கீல் வைக்கப் பொருளில்லாத ஏழைக் கைதியின் கதி என்னவாகியிருக்கும்?

கிருஷ்ணன் வெளிவந்து, 'நல்லதம்பி', 'மணமகள்' என்று மீண்டும் தழைத்தார். பாகவதருக்கு அது வாய்க்கவில்லை. முழுப் பழியையும் சிறையின்மீது சுமத்துவதும் சரியன்று. அவர் உள்ளேயிருந்த காலத்தில் சினிமாவே தன் சுபாவத்தை மாற்றிக்கொள்ளத் தொடங்கிவிட்டது. பாடத் தெரியாதவரும் இரவல் குரலில் பாடலாம் என்றாயிற்று; ஜனங்கள் பாட்டைவிட வசனத்தைக் கேட்க விரும்பினர். 1948-ல் 'ராஜமுக்தி' தோற்றது. 1952-ல் 'அமரகவி'யும் 'சியாமளா'வும் வந்த வருஷத்தில்தான் 'பராசக்தி'யும் வந்தது. 1957-ல் அவரே டைரக்ட் செய்த 'புதுவாழ்வு'ம் கைகொடுக்கவில்லை. ஆனாலும், கச்சேரி மேடையில் அவரைக் கேட்க வந்த கூட்டத்தைச் சிறை கலைத்துவிடவில்லை.

நீரிழிவு நோயால் உடல் தளர்ந்து, 1959 நவம்பர் 1-ந் தேதி அதே ஜெனரல் ஆஸ்பத்திரியில் பாகவதர் காலமானார். வயது ஐம்பதுகூட நிறையவில்லை. அவர் நடித்து முடித்திருந்த 'சிவகாமி' மறு வருஷம் வெளிவந்தது.