ஒரு நடிகர், மூன்று வேடங்கள்

ஃபிரிட்ஸ் லாங் இயக்கிய ‘நிபெலுங்கன்’ 1924-இல் இரண்டு பாகங்களாக வெளியான ஜெர்மன் மௌனப்படம். அதில் காட்டுப் பட்டறையில் வாள் வடிக்கும் கொல்லன் மீமெ, புதையலைக் காக்கும் குள்ளன் அல்பெரிக், ஹூணர் மன்னனின் தம்பி பிளாவோதல் என்று மூன்று பேர் வருகிறார்கள். மூன்று வேடத்தையும் கட்டியவர் ஒருவரே: கியோர்க் யோன். ஆளை அடையாளம் தெரியாமல் மாற்றிக்கொள்வதே துணை நடிகரின் பிழைப்பாக இருந்த காலம் அது.

மேடையிலிருந்து சினிமாவுக்கு வந்தவர் யோன். ஆனால் மேடை ஒப்பனை அங்கே அப்படியே எடுபடாது. அன்றைய படச்சுருளுக்குச் சிவப்பு நிறம் தெரியாது; நீலம் வெளுத்துவிடும். உதட்டில் சிவப்புச் சாயம் பூசினால் திரையில் கறுப்பாக விழும். எனவே கண்ணாடியில் நன்றாகத் தெரிந்தால் போதாது; எந்த நிறம் கறுப்பாகும், எது வெளுக்கும் என்று கணக்குப் போட்டு முகத்தில் பூச வேண்டும்.

குரலும் துணைக்கு வராது. வசனத்தைத் திரையில் எழுத்தாகக் காட்டும் வாய்ப்பு பெரும்பாலும் முக்கிய நடிகர்களுக்கே. சில நொடி வந்துபோகிறவர் தோளாலும் கையாலும்தான் பேச வேண்டும். முர்னாவ் இயக்கிய ‘கடைசி மனிதன்’ (1924) படத்தில் யோன் இரவுக் காவலாளி. பெரிய ஓட்டலின் வாயிற்காவலர் முதுமையால் கழிப்பறைப் பணிக்கு இறக்கப்படுகிறார். சீருடையும் பறிபோய் ஒடுங்கி உட்கார்ந்திருக்கும் அவர்மீது காவலாளி தன் மேலங்கியைப் போர்த்திவிடுகிறார். அந்தப் படத்தில் வசன எழுத்தே கிடையாது. எமில் யானிங்ஸ் என்ற பெரிய நட்சத்திரத்தின் எதிரே, யோன் அந்த ஒரே செயலில் தன் பாத்திரத்தை முழுமையாக்கினார்.

‘மெட்ரோபோலிஸ்’ (1927) படத்தில் இயந்திரத்தைச் சமாளிக்க முடியாமல் களைத்து விழும் தொழிலாளியாகவும் வந்தார். பேசும்படம் வந்த பிறகு லாங் அவருக்குக் கொடுத்த வேடம், ‘எம்’ (1931) படத்தின் பார்வையற்ற பலூன் வியாபாரி. குழந்தைகளைக் கொல்பவனை ஊரே தேடுகிறது. அவன் அடிக்கும் சீழ்க்கையைக் கேட்டு ஆளைக் கண்டுபிடிப்பவர் இந்த வியாபாரிதான். மெட்டு காதில் விழுந்ததும் அவர் முகம் மாறுவதைப் பாருங்கள். கேட்பதை நடித்துக் காட்டுவது மௌனப்படத்தில் தேர்ந்தவருக்குக் கைவந்த கலை.

1933-இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் யூதரான யோனுக்குத் திரைப்பட வாய்ப்புகள் அடைபட்டன. 1941-இல், போலந்தின் வூச் நகரில் நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்த பகுதியில் இறந்தார். அவர் நடித்த இந்தப் படங்கள் இன்றும் பார்க்கக் கிடைக்கின்றன. பார்க்கும்போது கதாநாயகனைச் சற்று விட்டுவிட்டு, ஓரத்தில் நிற்பவரைக் கவனியுங்கள்.