பணம் போனதாக எஸ்.எம்.எஸ். வந்தது, டிக்கெட் ஏன் வரவில்லை?

கம்ப்யூட்டர் வாங்கி, இன்டர்நெட் இணைப்பும் பெற்றவர்கள் முதலில் செய்து பார்க்க விரும்பும் வேலைகளில் ஒன்று டிக்கெட் புக் செய்வது. அப்படிச் செய்திடுகையில் பலருக்கும் ஒருமுறையாவது இந்த அனுபவம் ஏற்பட்டிருக்கும். கார்டு எண், ஓ.டி.பி. எல்லாம் கொடுத்து முடித்தவுடன் திரையில் ஒரு வட்டம் சுற்றிக் கொண்டே இருக்கும். பின்னர் வெள்ளைத் திரை. டிக்கெட் இருக்காது. ஆனால் கணக்கிலிருந்து பணம் கழிக்கப்பட்டதாக மொபைல் போனில் எஸ்.எம்.எஸ். மட்டும் சரியாக வந்து நிற்கும்.

எனக்கும் இது நடந்தது. ஊருக்குச் செல்ல பஸ்ஸில் நான்கு டிக்கெட், 3,400 ரூபாய். விடுமுறைக்கு முந்தைய நாள் என்பதால் சீட்டுகள் வேகமாகத் தீர்ந்து கொண்டிருந்தன. மீண்டும் பணம் கட்டுவதா, காத்திருப்பதா என்று புரியாமல் கால் மணி நேரம் திரையையே பார்த்துக் கொண்டிருந்தேன். அப்போது தோன்றிய கேள்வி இதுதான். என் கண் முன்னால் இருந்த திரைக்கு வராத தகவல், பாக்கெட்டில் இருந்த போனுக்கு மட்டும் எப்படி வந்தது?

இரண்டும் இரு வேறு வழிகளில் வருபவை. நிறுவனங்களின் கம்ப்யூட்டர் உலகில் சர்வீஸ் ஓரியன்டட் ஆர்கிடெக்சர் என்றும், ஈவன்ட் டிரைவன் சிஸ்டம் என்றும் பெரிய பெயர்களில் பேசப்படுபவை இந்த இரண்டு வழிகள் தான். பெயர்களைக் கண்டு பயப்பட வேண்டாம். இரண்டாவது வழி உங்கள் வீட்டுக் கம்ப்யூட்டரிலேயே இருக்கிறது. அதிலிருந்தே தொடங்கலாம்.

உங்கள் மவுஸ் கிளிக்

பழைய டாஸ் புரோகிராம்கள் பெரும்பாலும் கேள்வி கேட்டுவிட்டுக் காத்திருக்கும் வகை. "பைலின் பெயர் என்ன?" என்று கேட்டால், நீங்கள் பதிலை டைப் செய்து என்டர் தட்டும் வரை வேறு எதுவும் நடக்காது. 1985ல் வெளிவந்த முதல் விண்டோஸ் தொகுப்பிலிருந்தே மைக்ரோசாப்ட் வேறு வழியைப் பின்பற்றியது. இங்கே புரோகிராம் உங்களைக் கேள்வி கேட்பதில்லை. நீங்கள் எதைச் செய்தாலும், அதாவது மவுஸை நகர்த்தினாலும், கிளிக் செய்தாலும், ஒரு கீயை அழுத்தினாலும், அது ஒரு நிகழ்வு. அதுவே ஈவன்ட். விண்டோஸ் அதனை ஒரு சிறு செய்தியாக்கி, அந்தப் புரோகிராமிற்கான வரிசையில் போட்டு வைக்கும். புரோகிராம் வரிசையிலிருந்து ஒவ்வொன்றாக எடுத்துச் செயல்படும்.

சில வேளைகளில் ஒரு புரோகிராம் உறைந்து போய், அதன் டைட்டில் பாரில் "நாட் ரெஸ்பான்டிங்" என்ற சொற்கள் தோன்றுவதைப் பார்த்திருப்பீர்கள். அந்தப் புரோகிராம் செத்துவிட்டது என்று பொருளல்ல. வேறு எதற்காகவோ காத்துக் கொண்டு, 5 விநாடிகளுக்கும் மேலாகத் தன் வரிசையைத் திரும்பிப் பார்க்கவில்லை என்பதே பொருள். பிரிண்டரிடமோ, நெட்வொர்க்கில் உள்ள வேறு ஒரு கம்ப்யூட்டரிடமோ ஏதாவது கேட்டுவிட்டு, பதிலுக்காக நின்று கொண்டிருக்கலாம். கேட்டுவிட்டுக் காத்திருப்பதில் உள்ள அடிப்படைச் சிக்கல் இதுதான். பஸ் டிக்கெட் தளத்திலும் இதுவே பெரிய அளவில் நடக்கிறது.

கவுன்ட்டர்களால் ஆன நிறுவனம்

முன்பெல்லாம் ஒரு நிறுவனத்தில் கணக்குப் பிரிவுக்கு ஒரு சாப்ட்வேர், சரக்கு இருப்புக்கு ஒன்று, சம்பளத்திற்கு ஒன்று எனத் தனித்தனியே இருந்தன. ஒன்றின் டேட்டா இன்னொன்றுக்குத் தெரிய வேண்டுமானால், இரவு அலுவலகம் முடிந்த பின்னர் பைல்களை மாற்றி ஏற்றுவார்கள். பகலில் நடந்தது மறுநாள் காலையில் தான் அடுத்த பிரிவுக்குத் தெரியும்.

இதற்கு மாற்றாக வந்ததே சர்வீஸ் என்ற எண்ணம். வங்கியில் டிமாண்ட் டிராப்ட் எடுக்கச் செல்கிறீர்கள். படிவத்தைப் பூர்த்தி செய்து கவுன்ட்டரில் தருகிறீர்கள், டிராப்ட் கிடைக்கிறது. உள்ளே எந்த லெட்ஜரில் எழுதினார்கள் என்பது உங்களுக்குத் தேவையில்லை. படிவம் சரியாக இருந்தால் போதும். அதே போல ஒவ்வொரு சாப்ட்வேரும் ஒரு கவுன்ட்டரைத் திறந்து வைத்து, குறிப்பிட்ட படிவத்தில் கேட்டால் குறிப்பிட்ட வேலையைச் செய்து தரும் என்று அமைப்பதே சர்வீஸ் ஓரியன்டட் ஆர்கிடெக்சர். சுருக்கமாக எஸ்.ஓ.ஏ. என்பார்கள். 1996ல் கார்ட்னர் என்னும் ஆய்வு நிறுவனத்தைச் சேர்ந்த ராய் ஷுல்ட்டே, யெபிம் நேட்டிஸ் ஆகிய இருவரும் இதனைப் பற்றி எழுதினார்கள். 1998ல் எக்ஸ்.எம்.எல். என்ற பொதுவான எழுதும் முறை தரப்படுத்தப்பட்டதும், எல்லா நிறுவனங்களுக்கும் ஒரே மாதிரிப் படிவம் கிடைத்தது போல் ஆயிற்று. அதன் பின்னர் வேகம் பிடித்தது.

எந்த அளவிற்கு? அமேசான் நிறுவனத்தின் தொழில்நுட்பத் தலைவர் வெர்னர் வோகல்ஸ் 2006ல் அளித்த ஒரு பேட்டியில், அமேசானின் முகப்புப் பக்கத்தைத் திறந்தால் அதனைத் தயாரிக்க 100க்கும் மேற்பட்ட சர்வீஸ்கள் அழைக்கப்படுகின்றன என்று கூறினார். நமக்குத் தெரிவது ஒரு பக்கம். பின்னால் நூறு கவுன்ட்டர்கள்.

(2009ல் எஸ்.ஓ.ஏ. இறந்துவிட்டது என்று ஒரு பிரபல ஆய்வாளர் அறிவித்தார். பெயருக்குத்தான் மவுசு குறைந்தது. அதே எண்ணம் இன்னும் சிறிய துண்டுகளாக மைக்ரோசர்வீஸ் என்ற பெயரில் தொடர்கிறது. இந்தத் துறையில் இருப்பவர்களுக்குப் பழைய சரக்கிற்குப் புதுப் பெயர் வைப்பதில் அலாதி ஆசை.)

சங்கிலியில் ஒரு கண்ணி

இனி பஸ் டிக்கெட்டிற்கு வருவோம். டிக்கெட் தளம், பஸ் நிறுவனத்தின் சீட் சர்வீஸைக் கேட்கிறது. பின் பணம் வாங்கித் தரும் கேட்வே நிறுவனத்தைக் கேட்கிறது. கேட்வே, கார்டு நெட்வொர்க்கைக் கேட்கிறது. அது உங்கள் வங்கியைக் கேட்கிறது. ஒவ்வொருவரும் அடுத்தவரைக் கேட்டுவிட்டுக் காத்திருக்கிறார்கள்.

ஒரு சிறு கணக்குப் போட்டுப் பாருங்கள். ஒவ்வொரு சர்வீஸும் நூறு முறைக்கு 99 முறை சரியாகப் பதில் தருகிறது என்று வைத்துக் கொள்வோம். 5 சர்வீஸ்களை வரிசையாகக் கோத்தால், நூறு பேரில் ஏறத்தாழ 5 பேருக்கு வேலை முடியாது. 100 சர்வீஸ்களைக் கோத்தால் 37 பேருக்குத் தான் முடியும்! எனவே தான் பெரிய நிறுவனங்கள், ஒரு சர்வீஸ் பதில் தராவிட்டால் அந்தக் கட்டத்தை மட்டும் காலியாக விட்டுப் பக்கத்தைக் காட்டும்படி அமைக்கிறார்கள். புத்தகப் பரிந்துரை தெரியாவிட்டால் யாரும் கவலைப்படுவதில்லை. பணம் கட்டியதற்கான பதில் வராவிட்டால்?

இங்கே தான் புதியவர்கள் கவனிக்க வேண்டிய ஒன்று உள்ளது. கேட்டதற்குப் பதில் வரவில்லை என்றால் வேலை நடக்கவில்லை என்று பொருளல்ல. கேள்வியே போய்ச் சேராமல் இருக்கலாம். அல்லது கேள்வி சேர்ந்து, வங்கி பணத்தைக் கழித்து, பதில் திரும்பும் வழியில் தொலைந்திருக்கலாம். காத்திருக்கும் தளத்திற்கு இரண்டும் ஒரே மாதிரித்தான் தெரியும். வெற்றி, தோல்வி என்ற இரண்டுடன் "தெரியாது" என்ற மூன்றாவது நிலையும் உண்டு. என் வெள்ளைத் திரை அந்த மூன்றாவது நிலை.

சொல்லிவிட்டுப் போவது

எஸ்.எம்.எஸ். வந்த வழி வேறு. வங்கியின் கம்ப்யூட்டரில் பணம் கழிக்கப்பட்டது ஒரு நிகழ்வு. அது பொதுவாக ஒரு செய்தியாக வரிசையில் போடப்படும். உங்கள் மவுஸ் கிளிக் வரிசையில் போடப்படுகிறதே, அதே எண்ணம் தான். எஸ்.எம்.எஸ். அனுப்பும் புரோகிராம் அதனை எடுத்து அனுப்புகிறது. வங்கி யாரையும் கேட்டுக் காத்திருப்பதில்லை. நடந்ததை அறிவித்துவிட்டுத் தன் அடுத்த வேலைக்குப் போய்விடுகிறது. எஸ்.எம்.எஸ். புரோகிராம் அப்போது படுத்திருந்தாலும், எழுந்த பின் வரிசையில் உள்ளதை எடுத்துக் கொள்ளும்.

இதற்குப் பெரிய வாய்ப்பைத் தந்தது அமெரிக்காவின் பங்குச் சந்தை. 1980களில் வால்ஸ்ட்ரீட் அலுவலகங்களில் ஒவ்வொரு வியாபாரியின் மேஜையிலும் பல திரைகள். ஒவ்வொன்றிலும் ஒரு நிறுவனத்தின் தகவல். மும்பையில் பிறந்த விவேக் ரணதிவே, இன்பர்மேஷன் பஸ் என்ற சாப்ட்வேர் மூலம் இதனை மாற்றினார். (இது நாம் ஏறும் பஸ் அல்ல. கம்ப்யூட்டர் மதர்போர்டில் டேட்டா செல்லும் பொதுப் பாதைக்குப் பெயர் பஸ். அதனை ஒட்டி வைத்த பெயர்.) விலை மாறினால் அது பொதுப் பாதையில் அறிவிக்கப்படும். எந்தப் பங்கு தேவையோ அதற்கு மட்டும் சந்தா கட்டியது போல் ஒரு புரோகிராம் பதிந்து கொள்ளலாம். பத்திரிகைக்குச் சந்தா கட்டியவர் தினமும் அலுவலகத்திற்குப் போன் செய்து "இதழ் வந்துவிட்டதா?" என்று கேட்பதில்லை அல்லவா? 1993ல் ஐ.பி.எம். வெளியிட்ட எம்.க்யூ.சீரிஸ், செய்தியைத் தொலையாமல் வரிசையில் பாதுகாப்பதை எல்லா நிறுவனங்களுக்கும் பொதுவாக்கியது. லிங்க்டுஇன் நிறுவனம் 2011ல் இலவசமாக வெளியிட்ட காப்கா இன்று இதே வேலையைச் செய்கிறது.

அப்படியானால் எல்லாவற்றையும் ஈவன்ட் முறையிலேயே அமைத்துவிடலாமே என்று கேட்கலாம். முடியாது. சீட் இருக்கிறதா என்று கேட்டால் உடனே பதில் வேண்டும். அங்கே கவுன்ட்டர் தான் சரி. மேலும், செய்தி தொலையக் கூடாது என்பதற்காகச் சந்தேகம் வந்தால் அதனையே மீண்டும் அனுப்புவார்கள். ஒரே செய்தி இருமுறை வந்தால் பணத்தை இருமுறை கழித்துவிடக் கூடாது. லிப்ட் பட்டனை எத்தனை முறை அழுத்தினாலும் லிப்ட் ஒருமுறை தான் வரும். காலிங் பெல்லோ அழுத்தும் போதெல்லாம் ஒலிக்கும். பணப் பரிமாற்றம் லிப்ட் பட்டன் போல இருக்க வேண்டும். இதற்காகவே ஒவ்வொரு பரிமாற்றத்திற்கும் தனி எண் தரப்படுகிறது. அதே எண் மீண்டும் வந்தால், "இதை ஏற்கனவே முடித்தாயிற்று" என்று விட்டுவிடலாம்.

டீக்கடை ஸ்பீக்கர்

2016ல் இந்தியாவில் அறிமுகமான யு.பி.ஐ., இந்த இரண்டு வழிகளையும் சேர்த்து அமைக்கப்பட்டது. போனில் பணம் அனுப்பும்போது, உங்கள் ஆப் சார்பில் ஒரு வேண்டுகோள் நேஷனல் பேமென்ட்ஸ் கார்ப்பரேஷனுக்குச் செல்கிறது. "கிடைத்தது" என்று மட்டும் உடனே பதில் வரும். வேலை முடிந்ததா என்பது பின்னர் தனிச் செய்தியாக வரும். யாரும் லைனைப் பிடித்துக் கொண்டு நிற்பதில்லை. எல்லாச் செய்திகளையும் கட்டி வைப்பது அந்தப் பரிமாற்ற எண். பதில் வரத் தாமதமானால், அந்த எண்ணைக் கொடுத்து நிலை என்ன என்று கேட்கவும் தனி வழி உண்டு. ஆப் "பென்டிங்" என்று காட்டுவது மூன்றாவது நிலையை மறைக்காமல் சொல்லும் நேர்மை.

டீக்கடையில் பணம் வந்ததைச் சத்தமாகச் சொல்லும் ஸ்பீக்கர் இருக்கிறதே, அது தனி சிம் கார்டு மூலம் அறிவிப்பைப் பெறுகிறது. உங்கள் போன் வெற்றி என்று காட்டி, ஸ்பீக்கர் பேசாவிட்டால் அதன் சிக்னல் மட்டும் சரியில்லாமல் இருக்கலாம். கடைக்காரரின் போனில் கணக்கைப் பார்த்தால் தெரிந்துவிடும். அதற்குள் இரண்டாவது முறை அனுப்ப வேண்டாம்.

நீங்கள் செய்ய வேண்டியது

பணம் கட்டும் பக்கம் சுற்றிக் கொண்டிருந்தால் ரிப்ரெஷ் பட்டனையும் பேக் பட்டனையும் தொடாதீர்கள். தகவலை மீண்டும் அனுப்பவா என்று பிரவுசர் ஒரு சிறு விண்டோவில் கேட்டால், அது காலிங் பெல்லை இன்னொரு முறை அழுத்தவா என்று கேட்பதாகும். கேன்சல் கொடுங்கள். அந்தத் தளத்தில் லாக் இன் செய்து, உங்கள் புக்கிங் பட்டியலில் டிக்கெட் வந்திருக்கிறதா என்று பாருங்கள். பல நேரங்களில் திரை தான் தவறியிருக்கும், டிக்கெட் பதிவாகியிருக்கும். இல்லை என்றால் எஸ்.எம்.எஸ்.ஸில் உள்ள பரிமாற்ற எண்ணைக் குறித்து வையுங்கள். புகார் செய்தால் முதலில் கேட்கப்படுவது அதுதான்.

2019 செப்டம்பர் 20ல் ரிசர்வ் வங்கி வெளியிட்ட விதிகளின்படி, இணையத்தில் கார்டு மூலமோ யு.பி.ஐ. மூலமோ பணம் கழிக்கப்பட்டு, அதற்கான உறுதி வணிகருக்குச் சேராவிட்டால், பரிமாற்ற நாளிலிருந்து 5 நாட்களுக்குள் பணம் தானாகத் திரும்ப வேண்டும். தாண்டினால் நாளொன்றுக்கு 100 ரூபாய், நீங்கள் கேட்காமலேயே தரப்பட வேண்டும். யு.பி.ஐ.யில் தனி நபருக்கு அனுப்பிய பணம் அவர் கணக்கில் சேராவிட்டால் கெடு ஒரு நாள் தான். ஏன் இத்தனை நாட்கள் என்று தோன்றும். நிறுவனங்களும் வங்கிகளும் தங்கள் பட்டியல்களை ஒப்பிட்டு, பொருந்தாதவற்றைத் தேடி எடுக்க வேண்டும். பழைய காலத்து இரவு வேலை இன்னும் முற்றாக ஒழியவில்லை.

என் புக்கிங் பட்டியல் காலியாகவே இருந்தது. வேறு தளத்தில் மீண்டும் பணம் கட்டி ஊருக்குச் சென்றோம். நான்காம் நாள் மாலை, 3,400 ரூபாய் வரவு வைக்கப்பட்டதாக எஸ்.எம்.எஸ். வந்தது. அப்போது என் கம்ப்யூட்டர் முன்னூறு கிலோமீட்டர் தள்ளி, ஆப் செய்யப்பட்டுக் கிடந்தது.