மும்பை ஆப்கன் தேவாலயத்தின் வண்ண ஜன்னல்கள்: தேயிலை வணிகர் தொடங்கிய கண்ணாடிப் பட்டறையின் கதை

மும்பை கொலாபா பகுதியில் உள்ள புனித யோவான் தேவாலயம், ‘ஆப்கன் தேவாலயம்’ என்ற பெயராலேயே பரவலாக அறியப்படுகிறது. முதலாம் ஆங்கிலோ-ஆப்கானியப் போரிலும் சிந்துப் படையெடுப்பிலும் உயிரிழந்தோரின் நினைவாக எழுப்பப்பட்ட இத்தேவாலயம், 1858-ஆம் ஆண்டு அர்ப்பணிக்கப்பட்டது. அதன் கிழக்கிலும் மேற்கிலும் ஒளிரும் வண்ணக் கண்ணாடி ஜன்னல்கள் இந்தியாவில் உருவானவை அல்ல. இங்கிலாந்தின் வடகிழக்கில், நிலக்கரி வணிகத்துக்குப் பெயர்பெற்ற நியூகாசில் நகரில் இருந்த வில்லியம் வெய்ல்ஸ் என்பவரின் பட்டறையில் அவை தயாராயின. அந்தப் பட்டறை இன்று இல்லை.

மளிகை வணிகத்திலிருந்து கலைக்கு

1808-இல் பிறந்த வெய்ல்ஸ், தொடக்கத்தில் தேயிலையும் மளிகைப் பொருள்களும் விற்றவர். கடையின் பின்புறத்தில் சிறிய சூளை ஒன்றை அமைத்து, அலங்கார எனாமல் பொருள்களைச் செய்து விற்று வந்தார். பின்னர் ஜெர்மனி சென்று வண்ணக் கண்ணாடிக் கலையைப் பயின்றார். நாடு திரும்பி 1838-இல் தமது நிறுவனத்தைத் தொடங்கினார். 1841 முதல் அவரது சொந்தப் பட்டறையிலேயே ஜன்னல்கள் உருவாகத் தொடங்கின.

காலமும் அவருக்குக் கைகொடுத்தது. இடைக்கால ‘கோதிக்’ கட்டடப் பாணி அப்போது பிரிட்டனில் மறுமலர்ச்சி கண்டிருந்தது. தொழில் நகரங்கள் பெருகியதால் புதிய தேவாலயங்கள் எழுந்தன, பழையவை புதுப்பிக்கப்பட்டன. கண்ணாடி மீதான உற்பத்தி வரி 1845-இல் நீக்கப்பட்டதும் இத்தொழிலுக்கு உதவியது. புகழ்பெற்ற கட்டடக் கலைஞர் பியூஜின் 1842 முதல் சில ஆண்டுகள் தமது ஜன்னல்களை வெய்ல்ஸிடம் ஒப்படைத்தார். 1851-ஆம் ஆண்டு லண்டன் மாபெரும் கண்காட்சியிலும் வெய்ல்ஸின் படைப்புகள் இடம்பெற்றன. குளோஸ்டர் பேராலயத்தின் பெரிய மேற்கு ஜன்னலும் இப்பட்டறையின் ஆக்கமே.

பலர் கைபட்ட படைப்பு

வண்ண ஜன்னல் என்பது ஒரே கண்ணாடியில் தீட்டிய ஓவியம் அன்று. முதலில் முழு அளவில் வரைபடம் தயாராகும். அதற்கேற்ப வண்ணக் கண்ணாடிகள் துண்டுகளாக வெட்டப்படும். கண்ணாடி உருகும் நிலையில் சேர்க்கப்படும் உலோகங்களே நிறத்தைத் தருகின்றன: கோபால்ட் நீலத்தையும், மாங்கனீஸ் ஊதாவையும், தாமிரமோ தங்கமோ சிவப்பையும் அளிக்கின்றன. முகம், கை, ஆடை மடிப்பு போன்ற நுண்ணிய கோடுகள் உலோக ஆக்சைடு கலந்த கருநிற வண்ணத்தால் தீட்டப்பட்டு, சூளையில் சுடப்படும். இறுதியில் துண்டுகளை ஈயப் பட்டிகளில் பொருத்தி, இணைப்புகளைப் பற்றவைத்து, மழைநீர் புகாதபடி மக்கு பூசுவர்.

ஆகவே ஒரு ஜன்னலில் வடிவமைப்பாளர், வெட்டுநர், ஓவியர், சூளைப் பணியாளர், ஈய வேலைக்காரர் எனப் பலரின் உழைப்பு அடங்கியுள்ளது. வெய்ல்ஸ் பட்டறையில் ஒரு கட்டத்தில் எழுபதுக்கும் மேற்பட்டோர் பணிபுரிந்தனர். அவர்களில் பெரும்பாலோரின் பெயர்கள் எந்த ஜன்னலிலும் இல்லை. ஆப்கன் தேவாலயத்திலும் நிலை ஏறக்குறைய இதுவே. அதிகாரிகளின் பெயர்கள் அங்கே பொறிக்கப்பட்டுள்ளன. சாதாரணப் படைவீரர்களோ, பெயர் குறிக்க இயலாத அளவுக்குப் பெரும் எண்ணிக்கையினர் என்றே நினைவுகூரப்படுகின்றனர்.

நிறுவனம் மறைந்தது, ஜன்னல்கள் நிற்கின்றன

தொழிலில் ஈட்டிய செல்வத்தைக் கொண்டு கேட்ஸ்ஹெட் நகரில் ‘சால்ட்வெல் டவர்ஸ்’ என்னும் மாளிகையை வெய்ல்ஸ் கட்டினார். 1876-இல் அந்தத் தோட்டத்தை நகராட்சிக்கு 35,000 பவுண்டுக்கு விற்றார். அது மக்கள் பூங்காவாக மாறியது. 1881-இல் மறையும் வரை அவர் அம்மாளிகையிலேயே வாழ்ந்தார். மருமகன் ஸ்டிராங்கைப் பங்குதாரராகக் கொண்டு நடந்த நிறுவனம், 20-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் முடிவுக்கு வந்தது.

இதனால் பராமரிப்புப் பொறுப்பு கூடுகிறது. கண்ணாடி பல நூற்றாண்டுகள் நிலைக்கும். அதைத் தாங்கும் ஈயம் நாளடைவில் தளர்ந்து வளையும். கடற்காற்றும் பருவமழையும் இரும்புத் தாங்கிகளைத் துருப்பிடிக்கச் செய்யும். துருவேறி இரும்பு பருக்கும்போது கண்ணாடி விரிசல் காணும். சீரமைப்பவர்கள் ஒவ்வொரு துண்டையும் படமெடுத்து, எண்ணிட்டு, பிரித்துத் தூய்மைப்படுத்தி, புதிய ஈயப் பட்டியில் பழைய கண்ணாடியையே மீண்டும் பொருத்துகின்றனர். உடைந்துபோன ஓவியத் துண்டுக்கு மாற்று கேட்க இனி நியூகாசிலில் யாரும் இல்லை. எனவே, எஞ்சியிருக்கும் ஒவ்வொரு துண்டையும் காப்பது, பெயர் அறியப்படாத அக்கைவினைஞர்களின் உழைப்பைக் காப்பதும் ஆகும்.