ஆகாயத்தாமரை

உலகில் இல்லாத பொருளுக்கு எடுத்துக்காட்டாக முயற்கொம்பையும் ஆகாயத்தாமரையையும் தருக்க நூலார் கூறுவர். வானத்தில் தாமரை பூப்பதில்லை அன்றோ? மருத்துவ நூலாரோ, நீரில் மிதக்கும் ஒரு சிறு மூலிகைக்கு அப்பெயரை இட்டனர். இக்காலத்து மக்கள் மிதக்கும் வேறொரு செடியையும் அப்பெயராலேயே வழங்குகின்றனர். இல்பொருளின் பெயரைத் தாங்கிய அச்செடி, இன்று நம் நீர்நிலைகளில் உள்பொருளாய்ப் பரவி நிற்கின்றது.

மேற்குத் தொடர்ச்சி மலையின் கிழக்கு அடிவாரத்தே இராசபாளையமும் திருவில்லிபுத்தூரும் அமைந்துள்ளன. மலையினின்று இழியும் ஓடை நீரையும் பருவமழை நீரையும் கண்மாய்களில் தேக்கி உழவு செய்தல் இப்பகுதியார் வழக்கம். இச்செடி மண்டிய கண்மாயில் நீர் தெரிவதில்லை. பசும்பாய் விரித்தாற்போல இலைகளே தெரியும்.

இது தாமரை இனத்தது அன்று. தாமரை சேற்றில் கிழங்கு ஊன்றி வளர்வது. இதுவோ வேரை நீரில் தொங்கவிட்டு மிதப்பது. இலைக்காம்பு வெங்காயம்போலப் பருத்திருத்தலின், வெங்காயத்தாமரை எனவும் பெயர் பெறும். அக்காம்பை அறுத்து நோக்கின், பஞ்சு போன்ற காற்றறைகளைக் காணலாம். அவையே செடியைத் தெப்பம்போல மிதக்கச் செய்வன.

இதன் பூ இளநீல நிறமுடையது. மேலிதழில் மயிற்பீலியின் கண்போல மஞ்சட் புள்ளி ஒன்று விளங்கும். அவ்வழகே கேட்டிற்குக் காரணமாயிற்று. தென் அமெரிக்காவின் அமேசான் ஆற்றுப் பகுதி இதன் தாயகம். அழகுச் செடி எனக் கருதிய மக்கள் இதனை நாடுதோறும் கொண்டு சென்றனர். 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் இது வங்காளத்தை அடைந்தது. அங்கு ஆறுகளையும் வயல்களையும் மூடிக்கொள்ளவே, இதனை ஒழித்தற்கென 1936ஆம் ஆண்டில் சட்டமே இயற்றப்பட்டது.

தாய்ச்செடி பக்கவாட்டில் ஓடுதண்டுகளை விடும். ஒவ்வொரு தண்டின் நுனியிலும் ஒரு புதுச்செடி தோன்றும். ஏற்ற சூழலில் இரு வாரங்களில் இஃது இருமடங்காகப் பெருகும். ஒரு செடி பத்து முறை இரட்டித்தால் 1,024 செடிகளாகும். அதற்கு ஐந்து திங்கள் போதும். பூ வாடியபின் அதன் காம்பு வளைந்து நீருள் தாழ, விதைகள் சேற்றில் விழும். அவை 20 ஆண்டுகள் வரையிலும் முளைக்கும் ஆற்றலோடு கிடக்கும். ஆதலின், கோடையில் கண்மாய் வற்றினும் செடி அழிந்ததென்று எண்ணற்க.

இலைகள் கதிரொளியை மறைத்தலால் நீருள் வாழும் பயிர்கள் மடிகின்றன. நீரில் உயிர்வளி குறைய, மீன்கள் மூச்சின்றி இறக்கின்றன. மடைகளும் வாய்க்கால்களும் அடைபட, வயலுக்கு நீர் செல்வது தடைப்படுகின்றது.

தாயகத்தில் இதனை உண்டு அடக்கும் கூன்வண்டுகள் உண்டு. அவ்வண்டுகள் 1980களில் நம் நாட்டிற்கும் கொணர்ந்து விடப்பட்டன. எனினும், வண்டு ஒன்றையே நம்பியிருத்தல் போதாது. ஊர்க்கழிவு நீரிலுள்ள தழைச்சத்தும் மணிச்சத்துமே இதற்கு உணவு. கழிவு கலக்கும் வரையில், எத்துணை முறை அகற்றினும் செடி மீண்டும் தழைக்கும்.

ஆகவே, கழிவுநீர் கண்மாயிற் கலவாமற் காத்தல் முதற்கடமை. பூக்கும் முன்னரே செடிகளை முற்றும் வாரிக் கரையேற்றி, உலர்த்தி எருவாக்குதல் அடுத்த கடமை. பூவின் அழகை விரும்பி ஒரு செடியையேனும் வேறொரு குளத்திற்கு எடுத்துச் செல்லலாகாது. இவற்றை நாம் செய்வோமாயின், ஆகாயத்தாமரை நம் கண்மாய்களில் மீண்டும் இல்பொருளாகும்.